ஹெட்டி ஜேக்ஸ்: பகிடிக்கு ஆளானவரும் பகிடியை ஆண்டவரும்

ஒருவரின் உடம்பைப் பார்த்துச் சிரிப்பது மிகப் பழைய பழக்கம். மிக இலகுவானதும் கூட. இவ்வகைப் பகிடிக்கு எழுதுபவர் அதிகம் மூளையைக் கசக்க வேண்டியதில்லை. பருத்த ஒருவரை மேடைக்கு அனுப்பி, அவருக்குப் பக்கத்தில் மெலிந்த ஒருவரை நிறுத்திவிட்டால் சபை தானாகவே சிரிக்கும். நமது விமர்சகர்கள் இதனை மலினமான நகைச்சுவை என்று ஒரே வரியில் ஒதுக்கிவிடுவது வழக்கம். அந்த ஒதுக்குதலில் நியாயம் இருக்கின்றது. எனினும் அவ்வாறு ஒதுக்கும்போது கேட்கப்படாமலே போகும் ஒரு கேள்வியும் இருக்கின்றது. அந்தப் பகிடிக்கு ஆளாகி நிற்கும் நடிகை அந்த இடத்தில் என்ன செய்கிறார்? எழுதிக் கொடுத்ததைச் சுமந்து நிற்கும் ஒரு பொருளாக மட்டும் இருக்கிறாரா? அல்லது அதற்குள்ளிருந்து வேறு ஏதாவது ஒன்றை எடுத்து நமக்குத் தருகிறாரா?

இக்கேள்விக்கு விடை தேடுவதற்கு பிரித்தானிய நகைச்சுவை நடிகை ஹெட்டி ஜேக்ஸைவிடப் பொருத்தமான உதாரணம் கிடைப்பது அரிது. 1922ஆம் ஆண்டு பிறந்து 1980இல் தமது 58ஆவது வயதில் மறைந்த இவர், மேடை, வானொலி, திரைப்படம், தொலைக்காட்சி ஆகிய நான்கிலும் ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள் இயங்கியவர். புகழ்பெற்ற 'கெரி ஒன்' வரிசைத் திரைப்படங்களில் பதினான்கில் நடித்தவர். இன்றும் பிரித்தானியர்களிடம் அவருடைய பெயரைச் சொன்னால் முதலில் நினைவுக்கு வருவது மருத்துவமனைத் தாதியரின் தலைவியான மேட்ரனின் உருவம்தான். இரண்டாவதாக நினைவுக்கு வருவது அவருடைய உடற்பருமன். இந்த இரண்டுக்கும் இடையில் ஒரு பெரிய நடிகை மறைந்து நிற்கிறார் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

ஹெட்டியின் இயற்பெயர் ஜோசபின் எட்வினா ஜேக்ஸ். இங்கிலாந்தின் கென்ட் பகுதியிலுள்ள சாண்ட்கேட் என்ற இடத்தில் பிறந்தவர். தந்தை உதைபந்தாட்ட வீரராகவும் விமானப்படை விமானியாகவும் இருந்தவர். 1923இல் ஒரு விமான விபத்தில் அவர் இறந்தபோது பிள்ளைக்கு இரண்டு வயதுகூட நிரம்பியிருக்கவில்லை. இரண்டாம் உலக மகா யுத்தத்தின்போது ஹெட்டி செஞ்சிலுவைச் சங்கத்தின் தொண்டர் தாதியாக லண்டனில் பணியாற்றினார். பின்னர் வட லண்டனில் ஒரு தொழிற்சாலையில் இரும்பு ஒட்டும் வெல்டிங் வேலை செய்தார். திரையில் அவர் அணிந்த மேட்ரனின் சீருடையைப் பற்றிப் பேசும்போது இத்தகவலை நாம் மறந்துவிடலாகாது. குண்டுகள் விழுந்த நகரத்தில் காயம்பட்டோரைப் பராமரித்த ஒருவரே பின்னாளில் திரையில் தாதியாக வந்து நம்மைச் சிரிக்க வைத்தார்.

1944இல் அவர் லண்டனின் 'பிளேயர்ஸ்' அரங்கில் மேடையேறினார். விக்டோரியா காலத்து இசை மண்டப நிகழ்ச்சிகளைப் புதுப்பித்து நடத்திய சிறிய அரங்கு அது. அங்கே அவர் பாடினார், நடித்தார், நெறியாள்கையும் செய்தார். ஆண்டுதோறும் நடைபெறும் நத்தார்கால நாடகங்களில் தேவதைகளின் இராணியாக வந்தார். சிறு வயதில் நடனம் பயின்றவர் என்பதால் அந்தப் பெரிய உடம்பு மேடையில் மிகவும் இலேசாக அசைந்தது. பருத்த பெண் தேவதையாக வருவதே பகிடி என்று எண்ணி வந்தவர்கள், அந்த அசைவின் அழகைக் கண்டு சற்றே திகைத்திருப்பார்கள். பிற்காலத்தில் அவர் செய்தவற்றுக்கெல்லாம் வித்து இங்கேதான் இருக்கிறது.

'ஹெட்டி' என்ற பெயர் வந்த கதையும் கவனத்திற் கொள்ளத்தக்கது. 1946இல் இதே அரங்கில் முகத்தில் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டு கறுப்பினப் பெண்ணாக அவர் ஒரு நிகழ்ச்சியில் தோன்றினார். இன்று யாரும் ஏற்றுக்கொள்ளாத ஒரு வழக்கம் அது. அக்காலத்தில் சாதாரணமாக இருந்தது. அவரைக் கண்ட ஒருவர், 'கோன் வித் த விண்ட்' திரைப்படத்தில் நடித்து ஒஸ்கார் விருது பெற்ற கறுப்பின நடிகை ஹெட்டி மெக்டானியலுடன் அவரை ஒப்பிட்டார். அன்றிலிருந்து ஜோசபின் ஹெட்டி ஆனார். மெக்டானியலும் பருத்தவரே. அவரும் தமது உடம்பாலும் நிறத்தாலும் வேலைக்காரிப் பாத்திரங்களுக்குள் அடைக்கப்பட்டவர். ஆக, உலகம் இந்த நடிகையை அறிந்த பெயரே உடம்பைப் பார்த்து வைக்கப்பட்ட ஒரு பட்டப்பெயர்தான்.

நான் ஒரு கிராமப் பாடசாலையில் கற்பிப்பவன். பட்டப்பெயர் என்பது எவ்வளவு தூரம் ஒரு பிள்ளையின் பின்னால் நடந்து வரும் என்பதை வகுப்பறையில் அன்றாடம் காண்கிறேன். முதலாம் தவணையில் ஒருவன் விளையாட்டாகச் சொன்னது மூன்றாம் தவணையில் அந்தப் பிள்ளையின் பெயராகவே ஆகிவிடும். சில பிள்ளைகள் அழுவார்கள். சிலர் அடிக்கப் போவார்கள். மிகச் சில பிள்ளைகள் மட்டும் அந்தப் பெயரைத் தாமே எடுத்துக்கொண்டு, சொன்னவனே கூச்சப்படும்படி நிமிர்ந்து நடப்பார்கள். ஹெட்டி இந்த மூன்றாவது வகையினர்.

அவருடைய வானொலிக் காலத்தை எடுத்துக்கொள்வோம். 1947இல் டொமி ஹான்ட்லியின் 'இட்ஸ் தட் மேன் அகெய்ன்' என்ற பி.பி.சி. நிகழ்ச்சியில் அவர் சேர்ந்தார். யுத்த காலத்தில் நாடு முழுவதையும் வானொலிப் பெட்டிக்கு முன்னால் உட்காரவைத்த நிகழ்ச்சி அது. அதில் அவருக்குக் கிடைத்த பாத்திரம் சோபி டக்ஷொப். பள்ளிச் சிற்றுண்டிக் கடையையே குடும்பப் பெயராகக் கொண்ட, எந்நேரமும் தின்றுகொண்டிருக்கும் ஒரு சிறுமி. தான் தின்றவற்றை ஒன்று விடாமல் பட்டியலிடுவாள். அதனால் வந்த வயிற்றுக் குமட்டலைச் சொல்வாள். இப்போது சுகமாகிவிட்டது என்று முடிப்பாள். வாரந்தோறும் இதே பகிடி.

இங்கே ஒன்றை அவதானிக்க வேண்டும். வானொலியில் யாருடைய உடம்பும் தெரிவதில்லை. குரல் மட்டுமே இருக்கும் ஓர் ஊடகத்திலும் இந்த நடிகைக்குத் தீனிக்காரியின் பாத்திரத்தைத்தான் கொடுத்தார்கள். நேயர் காணாத உடம்பையும் எழுத்தாளர் கண்டுவிட்டார். உடம்பைப் பற்றிய பகிடி கண்ணுக்குத் தெரிவதால் மட்டும் பிறப்பதன்று, மனத்தில் ஏற்கெனவே எழுதி வைக்கப்பட்டது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. ஆனால் ஹெட்டி அந்தப் பாத்திரத்துக்குக் கொடுத்த குரலோ மிக மெல்லியது. துள்ளலும் வெகுளித்தனமும் நிறைந்தது. பருத்த உடம்புக்குக் கனத்த குரல் என்ற எதிர்பார்ப்பை அவர் ஆரம்பத்திலேயே உடைத்தார்.

தொடர்ந்து 'எடியூகேட்டிங் ஆர்ச்சி' என்ற வானொலி நிகழ்ச்சியில் பங்கேற்றார். பொம்மையைப் பேச வைக்கும் கலைஞர் ஒருவர் வானொலியில் நடத்திய விசித்திரமான நிகழ்ச்சி அது. அதற்கு எழுதியவர்களுள் ஒருவர் எரிக் சைக்ஸ். பிற்காலத்தில் ஹெட்டியின் கலை வாழ்வில் பெரும் பங்கு வகிக்கப்போகிறவர். 1956ஆம், 1957ஆம் ஆண்டுகளில் 'ஹான்கொக்ஸ் ஹாஃப் அவர்' வானொலித் தொடரில் கிரிசெல்டா பியூ என்ற செயலாளராக நடித்தார். எசமானுக்கு அடங்காத செயலாளர் அவர். ரொனி ஹான்கொக்கின் வீண்பெருமைகளைப் பொருட்படுத்தாமல் நிற்கும் அந்தப் பாத்திரத்தில் பின்னாளைய மேட்ரனின் சாயல் தெரியத் தொடங்கிவிட்டது.

இதற்கிடையில் சார்ள்ஸ் டிக்கன்ஸின் கதைகளைத் தழுவிய படங்கள் பலவற்றில் சிறு பாத்திரங்களை ஏற்றார். டேவிட் லீன் நெறிப்படுத்திய 'ஒலிவர் டுவிஸ்ட்' (1948) படத்தில் மதுச்சாலைப் பாடகியாக ஒரு கணம் தோன்றி மறைவார். அலஸ்டெயர் சிம் நடித்த 'ஸ்குரூஜ்' (1951) படத்தில் திருமதி ஃபெசிவிக் ஆக வருவார். கஞ்சனான கதாநாயகன் தன் இளமைக் காலத்தை மீண்டும் காணும்போது, அங்கே அன்பும் விருந்தும் நடனமுமாக இருந்த ஒரு வீட்டின் எசமானி அவர். பருமன் அங்கே கேலிக்குரிய ஒன்றாக இல்லை; ஒரு வீட்டின் நிறைவாக இருக்கிறது. சில நிமிடங்களே வரும் இந்தக் காட்சி, நல்ல கதையொன்று கிடைத்தால் இந்த நடிகையின் உடம்பு என்னென்ன பொருள் தரக்கூடும் என்பதைக் காட்டிவிடுகிறது.

1958இல் 'கெரி ஒன் சார்ஜன்ட்' வெளிவந்தது. பீட்டர் ரொஜர்ஸ் தயாரித்து ஜெரால்ட் தோமஸ் நெறிப்படுத்திய இவ்வரிசையில், 1992 வரை முப்பத்தொரு படங்கள் வந்தன. குறைந்த செலவு, குறுகிய காலப் படப்பிடிப்பு, திரும்பத் திரும்ப வரும் அதே நடிகர் கூட்டம், இரட்டை அர்த்த வசனங்கள் என்பவை இவற்றின் பொதுப் பண்புகள். இப்படங்களைக் குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கலாம் என்று நான் பரிந்துரைக்கப் போவதில்லை. பெண்களை இவை நோக்கும் பார்வை பெரும்பாலும் மட்டமானது. ஆயினும் இத்தகைய படங்களுக்குள்ளே நின்று ஒரு நடிகை எவ்வாறு தன் மரியாதையைக் காத்துக்கொண்டார் என்பதே நமது அக்கறைக்குரியது.

'கெரி ஒன் நேர்ஸ்' 1959இல் வெளிவந்து அவ்வாண்டில் பிரித்தானியாவில் வசூலில் முதலிடம் பெற்ற படம். நோயாளிகள், தாதியர் அனைவரும் ஓடுகிறார்கள், விழுகிறார்கள், கத்துகிறார்கள். மேட்ரன் மட்டும் நடக்கிறார். அவர் வாசலில் தோன்றியதும் அறை அடங்கிவிடுகிறது. கென்னத் வில்லியம்ஸ் நடிக்கும் படிப்பாளி நோயாளி மேட்ரனின் ஒழுங்குவிதியொன்றைக் கேள்விக்குட்படுத்தும் காட்சியில், ஹெட்டி குரலை உயர்த்துவதில்லை. தலையை மெதுவாகத் திருப்புகிறார். புருவத்தை ஒரு நூலளவு உயர்த்துகிறார். ஒரு கணம் தாமதிக்கிறார். அந்தத் தாமதத்திலேதான் சிரிப்பு பிறக்கிறது. படத்தின் முடிவில் தாதியர் ஒரு தொல்லை பிடித்த நோயாளிக்குச் செய்த குறும்பை மேட்ரன் கண்டுபிடிப்பார். அந்தக் குறும்பின் விவரம் இங்கு வேண்டியதில்லை. சபை சிரிப்பது அந்தக் குறும்பைப் பார்த்து என்பதைவிட, அதனைப் பார்க்கும் ஹெட்டியின் முகத்தைப் பார்த்து என்பதே உண்மை. பகிடிக்கு ஆளாக வேண்டியவர் பகிடியை அளப்பவராக மாறிவிடுகிறார்.

அதே ஆண்டில் வந்த 'கெரி ஒன் டீச்சர்' படத்தை ஓர் ஆசிரியன் என்ற வகையில் தனிக் கவனத்தோடு பார்த்தேன். மாறிச் செல்லவிருக்கும் அதிபரைத் தடுத்து நிறுத்துவதற்காகப் பாடசாலைப் பரிசோதனையைக் குழப்புகின்ற மாணவர்களின் கதை அது. ஹெட்டி அதில் கிரேஸ் ஷோர்ட் என்ற கணித ஆசிரியை. பிரம்பில் நம்பிக்கை உள்ளவர். பிள்ளைகளின் உளவியல் பேச வந்தவரோடு உடன்படாதவர். பிரம்பைப் பற்றிய அவருடைய கருத்து இன்று செல்லுபடியாகாது. அது வேறு விடயம். அந்தப் பாத்திரம் ஒரு கேலிச்சித்திரமாக ஆகாமற் காப்பாற்றுவது ஹெட்டியின் நடிப்புத்தான். தன் பாடத்தைத் தெரிந்த, தன் வகுப்பைத் தெரிந்த ஓர் ஆசிரியையின் நிமிர்வு அவரிடம் இருக்கிறது. வகுப்பறைக்குள் நுழையும் ஆசிரியருக்கு முதல் நிமிடத்தில் தேவைப்படுவது உரத்த குரலன்று, அசையாத நிற்பு என்று பயிற்சிக் கலாசாலையில் எமக்குச் சொல்லித் தந்தார்கள். அதனைத் திரையில் பார்க்க விரும்புபவர்கள் கிரேஸ் ஷோர்ட்டைப் பார்க்கலாம்.

இவ்வரிசையில் ஹெட்டிக்குக் கிடைத்த முழுமையான பாத்திரம் 1963இல் வந்த 'கெரி ஒன் கெபி' படத்தின் பெகி ஹோக்கின்ஸ். தாம் நடித்த 'கெரி ஒன்' படங்களுள் அவருக்கு மிகப் பிடித்ததும் இதுவே. கதை எளிமையானது. சார்ளி (சிட் ஜேம்ஸ்) வாடகைக் கார் நிறுவனம் ஒன்றின் உரிமையாளன். தொழிலே கதியென்று இருப்பவன். திருமண நாளையும் தொழிலுக்குத் தின்னக் கொடுத்துவிடுகிறான். மனைவி பெகி அழுது புலம்பவில்லை. அவனுக்குத் தெரியாமல் ஒரு போட்டி நிறுவனத்தைத் தொடங்குகிறாள். புத்தம்புதிய கார்கள்; ஓட்டுநர் அனைவரும் இளம் பெண்கள். சில வாரங்களில் சார்ளியின் தொழில் ஆட்டங்காணத் தொடங்குகிறது. தன்னை வீழ்த்துபவர் யாரென்று தெரியாமலே அவன் வீட்டுக்கு வந்து மனைவியிடம் புலம்புகிறான்.

இந்த இடத்தில் ஹெட்டியின் நடிப்பு கூர்ந்து நோக்கத்தக்கது. வென்ற களிப்பு, ஏமாற்றிய குற்றவுணர்வு, தோற்றுப்போன கணவன் மீது இரக்கம் ஆகிய மூன்றும் அவர் முகத்தில் மாறி மாறி வந்து போகின்றன. ஒன்று மற்றொன்றை அழிப்பதில்லை. இது பகிடிப் படத்தில் எதிர்பார்க்கப்படும் நடிப்பன்று. புறக்கணிக்கப்பட்ட ஒரு மனைவியின் உண்மையான வலியை அவர் அந்த இலேசான கதைக்குள் கொண்டுவந்து வைத்துவிடுகிறார். அவருடைய பருமனைப் பற்றிய பகிடியில் இப்பாத்திரம் தங்கியிருக்கவில்லை. சார்ளி மனைவியைக் கவனியாது விடுவதற்குக் காரணம் அவளுடைய தோற்றமன்று, அவனுடைய தொழில்வெறி. இந்த வேறுபாடு சிறியதாகத் தோன்றலாம். இந்த நடிகையின் வாழ்வில் அது மிகப் பெரியது. ஆசைக்கும் கோபத்துக்கும் புத்திக்கும் உரிய ஒரு முழு மனுஷியாக அவர் நடிப்பதற்கு அது வழி திறந்தது.

கதையின் முடிவில் கொள்ளைக்காரர் பெகியின் காரைக் கடத்துகின்றனர். அவர் காரிலுள்ள ஒலிவாங்கியைத் தந்திரமாகத் திறந்து வைத்து, சாதாரணமாகப் பேசுவதுபோலப் பேசித் தாம் போகும் வழியைத் தெரியப்படுத்துகிறார். சார்ளியின் ஓட்டுநர்கள் அதனைக் கேட்டு வந்து சூழ்ந்துகொள்கிறார்கள். வானொலியில் வளர்ந்த நடிகை தம் குரலாலேயே தம்மைக் காத்துக்கொள்வதாகக் கதை அமைந்துவிட்டது. குறைகளும் உண்டு. பெகியின் நிறுவனம் வெல்வது இளம் பெண் ஓட்டுநர்களின் கவர்ச்சியைக் காட்டித்தான். அந்தக் கவர்ச்சியின் கணக்கில் பெகிக்கு இடமில்லை. இறுதியில் தாய்மை என்ற வழக்கமான முடிச்சைப் போட்டு அவரை வீட்டுக்குள் திருப்பி அனுப்பிவிடுகிறது திரைக்கதை. எனினும் இவ்வரிசையில் ஒரு பெண் புத்தியால் வெல்லும் படங்கள் எத்தனை என்று எண்ணிப் பார்த்தால், 'கெபி'யின் தகுதி விளங்கும்.

இந்தக் கதவு திறந்த பிறகு என்ன நடந்தது என்பதுதான் வேதனைக்குரியது. நான்கு ஆண்டுகள் கழித்து 1967இல் 'கெரி ஒன் டொக்டர்' மூலம் அவர் இவ்வரிசைக்குத் திரும்பியபோது அவருக்குக் கிடைத்தது மீண்டும் மேட்ரனின் சீருடை. இம்முறை அந்த மேட்ரன், தன்னை விரும்பாத வைத்தியர் ஒருவர் மீது காதல் கொண்டு திரிபவர். முதற் படத்தில் அறையையே அடக்கிய பெண்ணின் ஆசை இங்கே பகிடிப் பொருளாகிவிட்டது. பருத்த பெண்ணுக்குக் காதல் வருவதே சிரிப்புக்குரியது என்ற பழைய சூத்திரம் அது. 'கெரி ஒன் லவ்விங்' (1970) படத்தில் திருமணத் தரகு நிலையம் நடத்துபவர். 'கெரி ஒன் அட் யுவர் கன்வீனியன்ஸ்' (1971) படத்தில் வீட்டில் கூண்டுப் பறவையொன்றோடு காலங்கழிக்கும் மனைவி. 'கெரி ஒன் அப்ரோட்' (1972) படத்தில் கட்டி முடியாத ஹோட்டலில் அடுப்போடு மல்லுக்கட்டிக் கத்தும் சமையற்காரி. 'கெரி ஒன் டிக்' (1974) படத்தில் அதைவிடச் சிறிய பாத்திரம். அதுவே அவருடைய கடைசி 'கெரி ஒன்'. பெகி ஹோக்கின்ஸைப் படைத்த திரைக்கதாசிரியர் டல்பொட் ரொத்வெல்தான் இப்பாத்திரங்களையும் எழுதினார் என்பது கவனிக்கத்தக்கது. நடிகையின் ஆற்றல் எதுவென்று தெரியாமல் நடந்ததன்று இது. தெரிந்த பிறகும் இலகுவான வழியைத் தேர்ந்துகொண்டதால் நடந்தது.

ஊதியத்திலும் இதே மனநிலை வெளிப்பட்டது. இவ்வரிசையில் முன்னணி ஆண் நடிகர்களுக்குப் படமொன்றுக்கு 5,000 பவுணும், முன்னணி நடிகைகளுக்கு அதன் பாதியான 2,500 பவுணும் வழங்கப்பட்டதென்பது பரவலாகப் பதிவான செய்தி. படங்கள் பெரும் இலாபமீட்டிய காலத்திலும் இந்நிலை மாறவில்லை.

திரைப்படம் தர மறுத்ததைத் தொலைக்காட்சி கொடுத்தது. எரிக் சைக்ஸ் எழுதி நடித்த 'சைக்ஸ் அண்ட் ஏ...' என்ற பி.பி.சி. தொடர் 1960 முதல் 1965 வரையும், பின்னர் 'சைக்ஸ்' என்ற பெயரில் 1972 முதல் 1979 வரையும் ஒளிபரப்பாகியது. நூற்றுக்கும் மேற்பட்ட பாகங்கள். எரிக்கும் ஹெட்டியும் ஒரே வீட்டில் வாழும், மணமாகாத இரட்டைச் சகோதரர்கள். ஒருவர் நெட்டையாக மெலிந்தவர், மற்றவர் பருத்தவர். இரட்டையர் என்றால் ஒரே சாயல் என்ற நமது எதிர்பார்ப்பே இங்கு பகிடியின் அடித்தளம். இப்பகிடியில் இருவருக்கும் சம பங்கு உண்டு. ஹெட்டி எவ்வளவு பருத்தவரோ, எரிக் அவ்வளவு ஒல்லி. யாரும் யாரையும் சுட்டிக்காட்டிச் சிரிக்க வேண்டியதில்லை. ஒருமுறை நிறுவப்பட்டதும் அந்தப் பகிடி பின்னால் போய்விடுகிறது. பிறகு எஞ்சுவது ஓர் அண்ணன் தங்கை உறவு. தேநீர்க் கோப்பை, அயல்வீட்டார், அடிக்கடி வந்து போகும் பொலிஸ்காரர், எரிக்கின் வெறித்தனமான திட்டங்கள், அவற்றைப் பொறுத்துக்கொள்ளும் ஹெட்டியின் சலிப்பு கலந்த பாசம்.

கணவன் மனைவி என்று அமைக்கப்பட்டிருந்தால் இத்தொடர் வேறு வழியில் போயிருக்கும். குண்டு மனைவி, நோஞ்சான் கணவன் என்ற தேய்ந்த பாதையில் எழுதிக் குவித்திருப்பார்கள். சகோதரர் என்று அமைத்ததால் அந்தப் பாதை அடைபட்டது. நடிகைக்கு மரியாதை கொடுப்பதென்றால் பாராட்டுரை எழுதுவதன்று. அவரை இழிவுபடுத்தும் வழிகளைக் கதை அமைப்பிலேயே அடைத்துவிடுவது. சைக்ஸ் அதைச் செய்தார். பாத்திரத்துக்கும் ஹெட்டி என்றே பெயர். பட்டப்பெயராக வந்து ஒட்டிய பெயர், வாராவாரம் வீடுகளுக்குள் அழைக்கப்படும் ஒரு சொந்தக்காரியின் பெயராக மாறியது.

அவருடைய சொந்த வாழ்வைப் பற்றி இங்கு அதிகம் பேசப்போவதில்லை. நடிகர் ஜோன் லெ மெஷுரியரை 1949இல் மணந்து 1965இல் விவாகரத்துப் பெற்றார். மணமுறிவுக்குக் காரணமான உறவு ஹெட்டியுடையதாக இருந்தும், அவருடைய பெயருக்குக் களங்கம் வராதிருக்க லெ மெஷுரியர் பழியைத் தாம் ஏற்றார் என்பது பின்னர் வெளிவந்தது. 2011இல் பி.பி.சி. ஒளிபரப்பிய 'ஹெட்டி' என்ற நாடகம் முழுக்கவும் இந்த விடயத்தைச் சுற்றியே அமைந்தது. ரூத் ஜோன்ஸ் அதில் நன்றாகவே நடித்திருந்தார். ஆனால் முப்பத்தைந்து ஆண்டுக் கலைப்பணியை ஒரு வீட்டுக்குள் நடந்த விவகாரமாகச் சுருக்குவது, ஒருவகையில் பழைய பகிடிக்காரர் செய்த அதே வேலைதான். அவர்கள் அவருடைய உடம்பைத் தவிர வேறெதையும் பார்க்கவில்லை. இவர்கள் அவருடைய படுக்கையறையைத் தவிர வேறெதையும் பார்க்கவில்லை. நடிப்பைப் பார்த்தவர் குறைவு.

இவ்விடத்தில் ஒரு மறுப்பு எழக்கூடும். ஹெட்டி இப்பாத்திரங்களை விரும்பித்தானே ஏற்றார். பருமனால்தானே அவருக்குப் புகழும் பிழைப்பும் கிடைத்தன. பிறகு எதற்கு இரங்க வேண்டும் என்று கேட்கலாம். இக்கேள்வியை இலேசாகத் தள்ளிவிட முடியாது. அவர் எந்த எழுத்தாளரோடும் பகிரங்கமாகச் சண்டையிட்டவராகத் தெரியவில்லை. கிடைத்த பாத்திரத்தைச் செய்தார், நன்றாகச் செய்தார். ஆனால் ஏற்பதற்கும் இணங்கிப் போவதற்கும் வேறுபாடு உண்டு. எழுதிக் கொடுத்த பகிடியின் இலக்கு அவர்தான். அந்த இலக்கை அவர் ஒவ்வொரு முறையும் ஓரடி நகர்த்திவிடுகிறார். சபை அவரைப் பார்த்துச் சிரிக்கத் தொடங்கி, அவருக்கு முன்னால் நின்று நடுங்கும் ஆண்களைப் பார்த்துச் சிரித்து முடிக்கிறது. இது அவருடைய சாதனை. எழுத்தாளருடையதன்று.

அந்தச் சாதனையின் ஆழத்தை அறிய ஒரு சான்று போதும். 1966இல் வெளியான சால்மன் அறிக்கையைத் தொடர்ந்து பிரித்தானிய மருத்துவமனைகளில் மேட்ரன் என்ற பதவி படிப்படியாக இல்லாதொழிந்தது. மருத்துவமனைகளின் சுத்தம் பற்றியும் ஒழுங்கு பற்றியும் மக்கள் முறையிடத் தொடங்கியபோது, 2000ஆம் ஆண்டுக்குப் பின் அரசாங்கம் மேட்ரன் பதவியை மீண்டும் கொண்டுவந்தது. அப்போது பத்திரிகைகள் மேட்ரன் என்றால் யார் என்பதை விளக்குவதற்கு உண்மையான தாதி எவரையும் தேடிப் போகவில்லை; ஹெட்டி ஜேக்ஸைத்தான் நினைவூட்டின. பகிடிக்காக எழுதப்பட்ட ஒரு பாத்திரம் இருபது ஆண்டுகளுக்கு முன் இறந்த நடிகையின் பெயரால் ஒரு நாட்டின் ஒழுங்குக்கு அடையாளமாக நின்றது. பகிடிப் பொருளாக மட்டும் அவர் இருந்திருந்தால் இது நடந்திருக்காது.

அதற்காக அவர் வென்றுவிட்டார் என்று எழுதி முடிக்க எனக்கு மனம் வரவில்லை. பெகி ஹோக்கின்ஸைப்போல இன்னும் பத்துப் பாத்திரங்களுக்குரிய ஆற்றல் அவரிடம் இருந்தது. திரைப்படம் அவருக்குக் கொடுத்தது ஒன்றே ஒன்று. திருமதி ஃபெசிவிக் போன்ற சிறு பாத்திரங்களை ஒன்றாகக் கோத்துப் பார்க்கும்போது, வராமற்போன ஒரு பெரிய நடிகையின் நிழல் தெரிகிறது. அவருடைய திறமையை மறுத்தவர் எவருமில்லை; எல்லோரும் மெச்சினார்கள். மெச்சிக்கொண்டே அதே சீருடையை மீண்டும் அணிவித்தார்கள்.

இப்படங்கள் இன்று இறுவட்டுகளிலும் இணையத்திலும் கிடைக்கின்றன. பதினான்கையும் பார்க்க வேண்டியதில்லை. 'நேர்ஸ்', 'கெபி' என்ற இரண்டையும், 'சைக்ஸ்' தொடரின் சில பாகங்களையும் பார்த்தாற் போதுமானது. பார்க்கும்போது நாம் எந்த இடத்தில் சிரிக்கிறோம், எதைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பதையும் சேர்த்துக் கவனித்துக்கொண்டால், ஹெட்டி ஜேக்ஸைப் பற்றி மட்டுமன்றி நம்மைப் பற்றியும் சிலவற்றை அறிந்துகொள்ளலாம்.